ஜேர்மன் அண்ணையும் நடுப் பீரங்கியும்

லண்டன் மாநகரத்தில், அழைப்பிதழில் அச்சடித்த நேரத்துக்கு மண்டபத்துக்குப் போன ஒரே தமிழர் ஜேர்மன் அண்ணைதான். இதில் எனக்குச் சந்தேகமே இல்லை. மற்ற எல்லாவற்றிலும் எனக்குச் சந்தேகம் வருவது வழக்கம். தென்லண்டனில் அந்த ஆண்டுகளில் நடந்த எந்தக் கலியாண வீடியோவையும் போட்டுப் பாருங்கள். முதல் அரைமணி நேரம் வெறும் கதிரைகள். அவற்றின் நடுவே கோட்டும் கழுத்துப்பட்டியும் அணிந்த ஒரு மெலிந்த மனிதர் நிமிர்ந்து உட்கார்ந்து மேடையைப் பார்த்துக்கொண்டிருப்பார். மேடையில் அந்நேரம் லைற் பூட்டுகிறவர் ஏணியில் நிற்பார்.

பல தடவை மண்டபமே பூட்டியிருக்கும். திறப்பு வைத்திருப்பவர் வரும்வரை வாசலில் நிற்பார். திறந்ததும் உள்ளே போய்க் கதிரைகளை விரித்து வரிசை போடுவார். ஒருமுறை மாப்பிள்ளையின் தாய் அவரைக் கூப்பிட்டு, "தம்பி, ஹீற்றரைக் கொஞ்சம் கூட்டிவிடும்" என்றார். அண்ணை கூட்டிவிட்டார். இரண்டு மணி நேரம் கழித்து அவர் பரிசோடு மேடையில் ஏறியபோது அதே அம்மா பக்கத்தில் நின்றவரிடம், "ஹோல்காரர் ஏன் போட்டோவுக்கு நிக்கிறார்?" என்று கேட்டாராம்.

என் கணவர் அவரிடம் ஒருநாள் கேட்டே விட்டார்.

"ஏனண்ணை, ஆறு மணி எண்டால் எங்கட ஆக்களுக்கு எட்டு மணி எண்டு உங்களுக்குத் தெரியாதே?"

"ஆறு எண்டுதானே தம்பி அடிச்சிருக்கு."

"அது சும்மா அடிக்கிறது அண்ணை."

"சும்மா ஒண்டை ஏன் காசு குடுத்து அடிப்பான்?"

என் கணவர் ஒரு கணக்காளர். அன்றிலிருந்து எந்த அழைப்பிதழைக் கண்டாலும் அச்சுக்கூலியைக் கணக்குப் பார்க்கிறார்.

அண்ணைக்குச் சொந்தப் பெயர் ஒன்று இருந்தது. ஆனால் நாங்கள் இருந்த ஸ்ட்ரெதத்தில் அதைச் சொன்னால் ஒருவருக்கும் தெரியாது. ஜேர்மனிக்கு அகதியாகப் போய், நெடுங்காலம் அங்கே இருந்து, அந்த நாட்டுக் கடவுச்சீட்டும் எடுத்துக்கொண்டு லண்டனுக்கு வந்தவர் அவர். அப்படிப் பலர் வந்த காலம் அது. எல்லோரும் பிள்ளைகளின் இங்கிலீஷ் படிப்புக்காக வந்ததாகச் சொன்னார்கள். ஜேர்மன் அண்ணை மட்டும் பிள்ளையை அங்கே விட்டுவிட்டு வந்திருந்தார்.

எங்கள் வீட்டின் மேல்மாடியில் இருந்த சின்ன அறையில் வாடகைக்கு இருந்தார். சட்டன் என்ற ஊரில், கார்களுக்குப் பெற்றோல் அடிக்கும் ஒரு செட்டுக்குக் காலை ஷிப்டுக்குப் போவார். மத்தியானம் திரும்பி வருவார். என் மகன் தருண் அப்போது கைக்குழந்தை. நான் முதல் பிள்ளைக்காரி. குழந்தை தும்மினால் ஒருமுறையும், தும்மாவிட்டால் ஒருமுறையும் காய்ச்சல் பார்க்கிறவள். அப்படிப்பட்ட ஒருத்தி இருக்கும் வீட்டில், ஜனவரி மாதக் குளிரில், அண்ணை எல்லா ஜன்னல்களையும் அகலத் திறந்து வைப்பார்.

"காத்து மாத்த வேணும் தங்கச்சி. ஜேர்மனியில எண்டால் வீட்டு ஒப்பந்தத்திலேயே எழுதியிருக்கும்."

நான் ஓடிப்போய்த் தருணுக்கு இன்னொரு ஸ்வெற்றர் போடுவேன். வியர்க்குமோ என்று பிறகு அதைக் கழற்றுவேன். கழற்றியது சரியா என்று யோசிப்பதற்குள் அண்ணை ஜன்னல்களைச் சாத்திவிடுவார்.

வீதியில் ஒரு வாகனமும் இல்லாதபோதும், கடவை விளக்கில் பச்சை மனிதன் எரியும்வரை அசையமாட்டார். எங்களைத் தாண்டி ஸ்ட்ரெதம் முழுவதும் கடந்து போகும். தள்ளுவண்டியோடு அவர் பக்கத்தில் நிற்கும்போது மட்டும் உலகத்தில் ஏதோ ஒன்று ஒழுங்காக நடக்கிறது என்று எனக்கு ஆறுதலாக இருக்கும்.

ஒரு சனிக்கிழமை பகல் மேலேயிருந்து பசை வாசம் வந்தது. குழந்தையின் நெஞ்சுக்கு ஆகுமா என்ற பயத்தோடு படியேறிப் போய்க் கதவைத் தட்டினேன்.

"பயப்பிடாதேங்கோ தங்கச்சி. ஜன்னல் திறந்துதான் கிடக்கு."

"அதுவும் எனக்குப் பயம்தான் அண்ணை" என்று சொல்லிக்கொண்டு உள்ளே பார்த்தேன். கட்டிலில் போர்வைக்கு மேல் ஒரு போர்க்கப்பல் படுத்திருந்தது. தலையணையிலிருந்து கட்டிலின் பாதியைத் தாண்டிய நீளம். நரை நிற மேனி, இரண்டு மெல்லிய புகைபோக்கிகள், மேல்தளத்தில் பீரங்கிகள். சுவரோரமாக நிலத்தில் ஒரு மெத்தை விரித்திருந்தது.

"நீங்கள் எங்க படுக்கிறனீங்கள்?"

"கீழ."

"கப்பல் ஏன் கட்டிலில?"

"நிலத்தில வைச்சால் ஆரும் மிதிச்சுப் போடுவினம்."

"இந்த அறைக்குள்ள உங்களைத் தவிர ஆர் அண்ணை வாறது?"

அவர் கட்டிலுக்கும் மெத்தைக்கும் நடுவே இருந்த ஒடுங்கிய இடத்தைப் பார்த்தார். "நான் மிதிச்சுப் போடுவன்."

அன்றுதான் அந்தக் கப்பலின் கதையைச் சொன்னார். ஜேர்மனியின் வடக்கே ஒரு துறைமுக நகரத்தில், உணவகம் ஒன்றில் அவர் கோப்பை கழுவிக்கொண்டிருந்தார். வீதிக்கு எதிர்ப்புறம் பழைய கப்பல்களின் சிறிய அரும்பொருட்காட்சியகம். அவருடைய மகள் ஆரபி பள்ளிக்கூடம் விட்டு வந்து, அப்பாவின் வேலை முடியும்வரை அதற்குள் இருப்பாள். அவளுக்கு அப்போது ஏழு வயது. ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பாவையும் கூட்டிக்கொண்டு போவாள். அப்பாவுக்கு ஜேர்மன் வாசிக்க வராது. கண்ணாடிப் பெட்டிகளுக்குக் கீழே எழுதியிருந்ததையெல்லாம் அவள் வாசித்துத் தமிழில் சொல்லுவாள். ஆகவே, பழைய ஜேர்மன் போர்க்கப்பல்களைப் பற்றி அண்ணைக்குத் தெரிந்ததெல்லாம் ஓர் ஏழு வயதுப் பிள்ளை சொன்னதுதான்.

"இதுக்குப் பேர் வைசன்பூர்க். இவையள் நாலு பேர் சகோதரம். ரெண்டு பேரைத் துருக்கிக்காரனுக்குத் தத்துக் குடுத்திட்டினம்."

"தத்தோ?"

"வித்ததுதான். ஆரபி தத்து எண்டுதான் சொன்னவள். துருக்கியில இதுக்குப் பேரை மாத்தி துர்குத் ரெயிஸ் எண்டு வைச்சவை. போன இடத்தில ஆரும் கவனிக்கேல்லை. ரெலிபோன் வேலை செய்யாது, கதவு வடிவாப் பூட்டாது. எங்கட பெற்றோல் செட் மாதிரி எண்டு வையுங்கோவன். தத்துப்போன மற்றதை இங்கிலீஷ்காரன் கடலுக்குள்ள தாட்டுப்போட்டான்." கடைசி வசனத்தைச் சொல்லும்போது குரலைத் தாழ்த்தினார். எங்கள் பக்கத்து வீட்டு ஆங்கிலேயக் கிழவர் அந்த விஷயத்தில் சம்பந்தப்பட்டவர் என்பதுபோல ஜன்னல் பக்கம் ஒருமுறை பார்த்துக்கொண்டார்.

"வேற வகுப்புக் கப்பல் ஒண்டு, ஹெசன் எண்டு. அதைக் கடைசியில ருஷ்யன் கொண்டுபோனவன். ஆளில்லாமல் ஓடவிட்டு, சுட்டுப் பழகிறதுக்கு வைச்சிருந்தவங்கள். அதுக்கு அவங்கள் வைச்ச பேருக்கு அர்த்தம் இலக்கு எண்டதாம். ஒண்டுக்கு அப்பிடியும் பேர் வைப்பினமே தங்கச்சி?"

கப்பலின் மேல்தளத்தில் பீரங்கிகள் வட்டமான மூன்று கவசக் கூடுகளுக்குள் இருந்தன. அண்ணை அவற்றை வீடுகள் என்று சொன்னார். முன்வீட்டிலிருந்தும் பின்வீட்டிலிருந்தும் நீளமான குழாய்கள் நீட்டிக்கொண்டிருந்தன. நடு வீட்டுக் குழாய்கள் மட்டும் கட்டையாக இருந்தன. பிழையாக வெட்டிவிட்டாரோ என்று நினைத்து, கேட்கலாமா வேண்டாமா என்று தயங்கிக் கேட்டேன்.

"இல்லை, அது அப்பிடித்தான். நடுவில திரும்ப இடம் காணாது எண்டு கட்டையா வைச்சவங்கள்." அந்தக் குழாய்களை விரலால் தொட்டார். "ஆரபி பாத்தவுடனை சொன்னவள், இது அப்பா, அது அம்மா, நடுவில நான் எண்டு."

"பிறகு கப்பல் என்னவாப் போச்சு?"

"உடைச்சுப் போட்டினம். ரெண்டு வீட்டை மட்டும் கழட்டிக் கடற்கரையில வைச்சவையாம். அது இப்பவும் இருக்காம்."

"எந்த ரெண்டு?"

"அதை ஆரபி வாசிக்கேல்லை" என்றார்.

அந்த உணவகத்தைப் பூட்டியபோது அண்ணைக்கு வேலை போய்விட்டது. சட்டனில் அவருடைய அக்காவின் கணவர் வேலை ஒழுங்குசெய்து கூப்பிட்டார். மனைவிக்கு அங்கே முதியோர் இல்லத்தில் நல்ல வேலை. விட்டுவிட்டு வர மனமில்லை. ஆறு மாதம் பார்த்துவிட்டு வருகிறேன் என்று வந்தவர் வந்தபடி இருந்துவிட்டார். குடும்பத்தில் ஏதும் சண்டையா என்று ஊர் என்னிடம் கேட்டது. நான் சுற்றி வளைத்து அவரிடம் கேட்டேன்.

"சண்டை ஒண்டும் இல்லை. அவ அங்க, நான் இங்க."

"அப்ப ஏன் அண்ணை?"

"சண்டை பிடிக்கிறதெண்டாலும் ரெண்டு பேரும் கதைக்க வேணும்தானே."

ஒவ்வொரு ஞாயிறும் மகளோடு தொலைபேசியில் பேசுவார். ஆரபி வளர வளர அவளுடைய தமிழ் குறைந்துகொண்டு போனது. அண்ணையின் ஜேர்மன் முன்பும் கோப்பை கழுவும் அளவுக்குத்தான் இருந்தது. இரண்டு பேருக்கும் பொதுவாகப் பேச மிஞ்சியது கப்பல் மட்டும்தான். "யா, யா. நங்கூரம் செய்திட்டன். யா. குட்" என்று சுவருக்கு இந்தப்பக்கம் எனக்குக் கேட்கும். கப்பல் முடிந்ததும் லண்டனுக்கு வருகிறேன், இரண்டு பேருமாகத் தண்ணீரில் விடுவோம் என்று அவள் சொல்லியிருந்தாள். அதற்காகத்தான் கட்டிலைக் கப்பலுக்குக் கொடுத்துவிட்டு அவர் நிலத்தில் படுத்தார்.

தருண் நடக்கத் தொடங்கிய வருடம் கப்பல் முடிந்தது. மோட்டார், பற்றரி, தூரத்தில் நின்று ஓட்டும் பெட்டி, எல்லாம் தயார். ஆரபி ஈஸ்ரர் விடுமுறைக்கு வருவதாக இருந்தது. பிறகு ஏதோ பரீட்சை என்றாள். அடுத்த நாள் நான் தேநீர் கொண்டு மேலே போனபோது, அண்ணை புகைபோக்கிகள் இரண்டையும் கழற்றி வைத்திருந்தார்.

"என்னண்ணை, முடிஞ்சுது எண்டனீங்கள்?"

"புகைபோக்கி சரியில்லை தங்கச்சி. திரும்பச் செய்ய வேணும்."

கோடையில் அவள் சிநேகிதிகளோடு ஸ்பெயினுக்குப் போனாள். அண்ணை சுக்கானைக் கழற்றினார். இலையுதிர்கால விடுமுறைக்கும் வரவில்லை. அடிப்பாகத்தைச் சுரண்டி முழுவதும் திரும்பப் பூச்சுப் பூசினார். எனக்கு விளங்கச் சில நாள் எடுத்தது. கப்பல் முடிந்தால் வருகிறேன் என்பதுதானே அவளுடைய வாக்கு? கப்பல் முடியாமல் இருக்கும்வரை அவள் பிந்தவில்லை. பிந்தினது கப்பல்தான். வாழ்நாளில் ஓர் இடத்துக்கும் பிந்திப் போகாத மனிதர், மகளுக்காகத் தன் கப்பலைப் பிந்தவைத்துக்கொண்டிருந்தார்.

இரண்டாயிரத்தேழாம் ஆண்டு கோடையில் உறுதியான செய்தி வந்தது. பள்ளிக்கூடச் சுற்றுலா ஒன்றில் லண்டனுக்கு வருகிறாள். ஒரு சனிக்கிழமை பின்னேரம் வரைக்கும் அப்பாவோடு இருக்க ஆசிரியை அனுமதித்திருக்கிறார். அண்ணை அந்த வாரமே புகைபோக்கிகளைத் திரும்பப் பொருத்தினார். "முதல் பூசை செய்விக்க வேணும்" என்றார். எங்கள் ஆட்கள் புதுக் கார் எடுத்தால் கோயிலுக்குக் கொண்டுபோய், சில்லுகளுக்குக் கீழே தேசிக்காய், அதுதான் எலுமிச்சங்காய், வைத்து நசித்துக்கொண்டு ஓட்டுவது வழக்கம். கப்பலுக்கும் அது வேண்டாமா?

விம்பிள்டன் கோயிலுக்குக் கப்பலை எப்படிக் கொண்டுபோவது என்பது ஒரு பிரச்சினையாக இருந்தது. கடைசியில் தருணின் தள்ளுவண்டியில் ஏற்றினோம். பிள்ளை என் இடுப்பில். மழைக்குப் போடும் பிளாஸ்ரிக் உறைக்கு வெளியே கப்பலின் மூக்கு ஒரு முழம் நீட்டிக்கொண்டிருந்தது. பஸ்ஸில் ஓர் ஆங்கிலேய மூதாட்டி குழந்தை பார்க்கும் ஆசையோடு குனிந்தார். பீரங்கிகளைக் கொஞ்ச நேரம் பார்த்தார். நிமிர்ந்து என்னைப் பார்த்து, "லவ்லி" என்று சொல்லிவிட்டு வேறு இருக்கைக்குப் போனார்.

ஐயருக்குக் கார் பூசை செய்து பழக்கம். கற்பூரத் தட்டோடு வெளியே வந்தவர் தள்ளுவண்டியைச் சுற்றி ஒருமுறை நடந்தார்.

"நம்பர் பிளேட் எங்க?"

"இல்லை ஐயா, கப்பல்."

"தெரியுது. சில்லு எங்க? தேசிக்காயை எதுக்குக் கீழ வைக்கிறது?"

அண்ணை பின்பக்கம் இருந்த இரண்டு சுழலிகளைக் காட்டினார். தண்ணீருக்குள் தள்ளுவது அவைதான் என்று விளக்கினார். ஐயர் சுழலிக்கு ஒன்றாகத் தேசிக்காய் வைத்து, முன்வீட்டில் சந்தனமும் குங்குமமும் பூசி, "ஆற்றை பேரில அர்ச்சனை?" என்று கேட்டார். பிறந்த பெயர், துருக்கிக்காரன் வைத்த பெயர் இரண்டையும் சொல்லி அண்ணை ஐயரைக் குழப்பப் போகிறார் என்று நான் பயந்தேன்.

"ஆரபி" என்றார் அண்ணை. "ரோகிணி நட்சத்திரம்."

முடிந்ததும் ஐயர் இன்னொரு தேசிக்காயைக் கையில் கொடுத்து, "இதை வண்டிக்குள்ளேயே வைச்சிருங்கோ, காவலா இருக்கும்" என்றார். எல்லோருக்கும் சொல்வதைத்தான் சொன்னார். அண்ணை நடு வீட்டைத் தூக்கினார். அது கப்பலின் வயிற்றுக்கு மூடி. தேசிக்காயை மோட்டாருக்குப் பக்கத்தில் பக்குவமாக வைத்து மூடினார். அது உருளுமே என்று எனக்கு ஒரு யோசனை வந்தது. எனக்கு வராத யோசனை எது என்று அதையும் விட்டுவிட்டேன்.

அந்தச் சனிக்கிழமை கிளாப்பம் கொமன் என்ற பூங்காவில் இருக்கும் குளத்தடியில் ஆரபியைப் பார்த்தேன். பதினாறு வயது, அப்பாவைவிட உயரம், காதில் பாட்டுக் கேட்கும் வயர். "ஹலோ அன்ரி" என்று எனக்குக் கைகொடுத்தாள். அப்பாவுக்கும் கைகொடுத்தாள். அண்ணை அந்தக் கையை எப்போது விடுவது என்று தெரியாமல் வைத்துக்கொண்டிருந்தார். போகவேண்டிய நேரத்தை அவள் வந்தவுடனேயே சொல்லிவிட்டாள். அதிக நேரம் இல்லை.

குளத்தில் வேறு சிலரும் படகு விட்டுக்கொண்டிருந்தார்கள். தொப்பி போட்ட ஒரு வெள்ளைக்காரர் வந்து, இது எந்த நாட்டுக் கடற்படை என்று மரியாதையாகக் கேட்டார். "ஓல்" என்றார் அண்ணை. எல்லாம்.

கப்பலைத் தண்ணீரில் வைத்தார்கள். ஆரபியின் கையில் பெட்டியைக் கொடுத்தார். அவள் விசையைத் தள்ள, வைசன்பூர்க் குங்குமப் பொட்டோடு கம்பீரமாகப் புறப்பட்டது. நேராகக் குளத்தின் நடுப்பகுதி வரை போனது. அங்கே இடப்பக்கம் திரும்பியது. திரும்பியது திரும்பியபடியே இருந்தது. ஆரபி விசையை வலப்பக்கம் தள்ளினாள். கப்பல் இடப்பக்கமே சுற்றியது. வாத்துகள் கலைந்து ஓடின. நாற்பது வருடமாக வீதி சுற்றாத தேர் ஒன்று புறப்பட்டதுபோல அது விடாமல் சுற்றிக்கொண்டிருந்தது.

"பப்பா, இது என்ன செய்யுது?"

"அதுக்கும் தெரியேல்லை" என்றார் அண்ணை.

அவள் சிரித்தாள். காது வயர் கீழே விழுந்தது. அவள் அதைத் திரும்ப எடுத்துப் போடவில்லை. பற்றரி தீர்ந்து கப்பல் நடுக்குளத்தில் நின்றது. எடுப்பதற்கு வழியில்லை, ஆழம் தெரியாது. காற்று வீசினால் தானாகக் கரைக்கு வரும், பொறுத்திருங்கள் என்றார் தொப்பிக்காரர். ஆரபி நேரம் பார்த்தாள். ஆசிரியைக்குத் தொலைபேசி எடுத்து, நீளமாக ஏதோ ஜேர்மனில் சொன்னாள். பிறகு கரையோரம் கிடந்த நீள மர வாங்கில் அப்பாவோடு உட்கார்ந்தாள்.

நான் அவர்களுக்கு இடையூறாக இருக்கிறேனோ என்று தருணைத் தள்ளுவண்டியில் வைத்துக் குளத்தைச் சுற்றி நடக்கத் தொடங்கினேன். முதல் சுற்றில் அவர்கள் வாங்கின் இரண்டு அந்தங்களில் இருந்தார்கள். நடுவில் அவளுடைய பை இருந்தது. அடுத்த சுற்றில் பை நிலத்தில் இருந்தது. அதற்கடுத்த சுற்றில் அவள் கைகளால் காற்றில் எதையோ வரைந்து காட்டிக்கொண்டிருந்தாள். அண்ணை வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டிருந்தார். எந்த மொழியில் பேசினார்கள் என்று எனக்குத் தெரியாது. தருண் அழுதும் நான் நிற்காமல் சுற்றினேன். காற்று கொஞ்சம் மெதுவாக வீசட்டும் என்று பிள்ளையாரைக் கேட்டுக்கொண்டேன்.

கப்பல் கரைக்கு வந்தபோது வெயில் சாய்ந்திருந்தது. ஆரபி நடு வீட்டைத் தூக்கி உள்ளே பார்த்தாள். சுக்கானை ஆட்டும் கம்பிக்குள் தேசிக்காய் இறுகிப்போய் இருந்தது.

"ஷிப்புக்குள்ள ஏன் தேசிக்காய்?"

"காவலுக்கு."

அவள் என்னைப் பார்த்தாள். நான் ஆமென்று தலையாட்டினேன். வேறு என்ன சொல்வது? கையில் இருந்த நடு வீட்டை அவள் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். கட்டைக் குழாய்கள் இரண்டையும் தடவினாள்.

"இது நான்தானே" என்றாள். பிறகு அதைப் பைக்குள் வைத்தாள். "நான் கிறிஸ்மஸுக்கு வாறன். வரேக்க கொண்டுவாறன். அதுவரைக்கும் நீங்கள் ஷிப் விடக்கூடாது."

"ஓம்" என்றார் அண்ணை. "ஓம், ஓம்."

அதற்குப் பிறகு அவர் கப்பலில் எதையும் கழற்றவில்லை. நடுவில் இருந்த ஓட்டையை ஒரு ஜாம் போத்தல் மூடியால் மூடினார். பார்க்க வருகிறவர்களிடம், "நடு வீடு ஜேர்மனிக்கு லீவில போயிருக்கு" என்பார். பயமில்லாக் கப்பல் என்று ஒன்றின் கதையை எனக்குச் சொன்னதும் அந்த நாட்களில்தான். தருணுக்கு இருமல், நான் மூன்றாவது தடவையாக வைத்தியருக்குத் தொலைபேசி எடுத்துவிட்டுப் படியில் இருந்து அழுதுகொண்டிருந்தேன். அண்ணை இரண்டு படி கீழே வந்து உட்கார்ந்தார்.

"உந்தக் கப்பலுகளுக்குப் பிறகு இங்கிலீஷ்காரன் ஒண்டு கட்டினவன். பேரே பயமில்லாதது எண்டு. அதோட மற்றதெல்லாம் ஒரே நாளில பழசாப் போச்சு. பயமில்லாததுக்கு முந்தினது எண்டு எல்லாத்துக்கும் சேத்து ஒரு பேரும் வைச்சிட்டினம். அப்ப இதுகள் பயந்த கப்பலோ எண்டு ஆரபி கேட்டவள்."

"நீங்கள் என்ன சொன்னனீங்கள்?"

"ஓம் எண்டனான். பயந்து பயந்து எண்டாலும் ஓடினதுதானே தங்கச்சி."

நவம்பர் கடைசியில், சட்டனில், காலை ஷிப்டில், கல்லாப்பெட்டிக்குப் பின்னால் இருந்த கதிரையில் அண்ணை உட்கார்ந்தார். பிறகு எழும்பவில்லை. இதயம் என்றார்கள். அந்தக் கிழமை முழுவதும் நான் ஜன்னல்களை எல்லாம் காலையில் திறந்தேன். என் கணவர் கோட்டைப் போட்டுக்கொண்டு தேநீர் குடித்தார்.

தகனசாலை வாசலில் எங்களுக்குச் சொல்லியிருந்த நேரம் காலை பத்தரை. நாங்கள் ஒன்பதே முக்காலுக்குப் போனோம். கதவு பூட்டியிருந்தது, வெளியே ஆட்கள் நின்றார்கள். ஸ்ட்ரெதம் ஆட்கள், சட்டன் ஆட்கள், வீடியோக்காரர், மண்டபத்துத் திறப்பு வைத்திருப்பவர், ஹீற்றரைக் கூட்டச் சொன்ன அம்மா. பத்து மணிக்குள் எல்லோரும் வந்துவிட்டார்கள். தகனசாலையில் பிந்தினால் விடமாட்டார்கள் என்ற பயம்தான் என்று என் கணவர் சொல்கிறார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. தூறலில் குடை பிடித்துக்கொண்டு, ஒருவரையொருவர் பார்க்க வெட்கப்பட்டு, தமிழர்கள் அரைமணி நேரம் முன்பாக வந்து நின்றதை நான் அதற்கு முன்பு கண்டதில்லை.

ஆரபி தாயோடு ஓர் ஓரமாக நின்றாள். தாய் என் கையைப் பிடித்து, "ஜன்னல் தங்கச்சி நீங்கள்தானே? அவர் சொன்னவர்" என்றார். அண்ணை மனைவியோடும் கதைத்திருக்கிறார் என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

ஆரபி கோட்டுப் பையிலிருந்து கையை எடுத்தாள். உள்ளங்கையில் நடு வீடு இருந்தது.

"அன்ரி, இதை அப்பாவோட வைக்க ஏலுமா?"

இரும்பாக இருந்தால் விடமாட்டார்களோ என்ற யோசனை எனக்குத்தான் வந்தது. தொட்டுப் பார்த்தேன். மரம். "ஏலும்" என்றேன். ஒன்றை நிச்சயமாகச் சொன்னது எனக்கே புதிதாக இருந்தது.

பத்தரை ஆனது. அண்ணையைக் கொண்டுவரும் வாகனம் வரவில்லை. வீதியில் ஏதோ விபத்து, நெரிசலில் நிற்கிறது என்று யாரோ தொலைபேசியைக் காதில் வைத்தபடி சொன்னார். கூட்டம் அசையாமல் நின்றது. ஆரபி மணிக்கூட்டைப் பார்த்தாள். கேற் பக்கம் பார்த்தாள். திரும்பவும் மணிக்கூட்டைப் பார்த்தாள். அவளுடைய முகம் உடையத் தொடங்கியது.

"அப்பா லேட்" என்றாள். "அவர் ஒருநாளும் லேட் இல்லை, அன்ரி."

நான் அவளுக்கு மேலே குடையைப் பிடித்தேன்.

"அவர் பிந்தேல்லை அம்மா. நாங்கள்தான் வெள்ளன வந்திட்டம்."